இரண்டு பேர் இருக்கும் வீட்டுக்கு ஒரு கேப்சூல் காப்பி இயந்திரம்

பள்ளத்தூரில் எங்கள் வீட்டு அடுப்படிப் பரணில் ஒரு பெரிய பித்தளை ஃபில்ட்டர் கிடக்கிறது. சாந்திக் கல்யாணம், முன்னோருக்குப் படையலிடும் படைப்பு என்று ஆட்கள் கூடிய நாள்களில் ஒரே தடவையில் 40 பேருக்கு டிகாக்ஷன் இறக்கிய பாத்திரம் அது. முகப்பு, வளவு, இரண்டாம் கட்டு, அடுப்படி என்று முன்தெருவிலிருந்து பின்தெரு வரை நீளும் அந்த வீட்டில் இப்போது இருப்பவர்கள் இரண்டே பேர்: 82 வயதான என் ஆத்தாவும், வங்கி வேலையிலிருந்து ஓய்வு பெற்று ஊர் திரும்பிய நானும். ஒரு டம்ளருக்கான காப்பித்தூளை அடைத்த சின்னக் குப்பியை, அதாவது கேப்சூலைப் போட்டுப் பொத்தானை அழுத்தினால் காப்பி இறக்கித் தரும் இயந்திரம் ஒன்றை இந்த இருவருக்காக வாங்கினேன். அதை ஓராண்டுக்கும் மேலாகப் பயன்படுத்திப் பார்த்த பிறகு இதை எழுதுகிறேன். நகரத்து அடுக்ககத்தில் இருப்பவர்களுக்கு இதில் சில செய்திகள் வேண்டாதவையாகத் தோன்றலாம். காரைக்குடியைச் சுற்றியுள்ள ஊர்களில், பெரிய வீட்டில் ஓரிரு முதியவர்களோடு இருப்பவர்களை மனத்தில் வைத்தே எழுதியிருக்கிறேன்.

ஆத்தா விடியற்காலை 4 மணிக்கு எழுந்துவிடுவார்கள். பால்காரர் வருவது 6 மணிக்கு. ஆகவே அவர்களுடைய முதல் காப்பி எப்போதுமே கருப்பட்டி போட்ட வரக்காப்பிதான். சென்ற மார்கழிக்கு முந்தைய மார்கழியில், கை நடுக்கத்தோடு வெந்நீர்ப் பாத்திரத்தை இறக்கும்போது தண்ணீர் கையில் சிந்திவிட்டது. காயம் சிறியதுதான் என்றாலும், அடுப்புப் பக்கம் அவர்களைத் தனியே விட அதன் பிறகு எனக்கு மனம் வரவில்லை. தூங்குகிறவனை எழுப்ப அவர்களுக்கும் மனம் வரவில்லை. இரவே டிகாக்ஷன் இறக்கி வைத்தால் காலைக்குள் மணம் போய்விடுகிறது, சூடு காட்டினால் கசந்துவிடுகிறது. உடனடிக் காப்பித்தூளை அவர்கள் கஷாயம் என்ற கணக்கில்தான் வைத்திருக்கிறார்கள். ஆக, எனக்கு வேண்டியிருந்தது தீ இல்லாமல், வெந்நீரைக் கையால் தொடாமல், ஒரு டம்ளர் காப்பியை மட்டும் இறக்கித் தரும் ஏதாவது ஒன்று. காப்பிக்கொட்டையை அப்போதைக்கப்போது அரைத்துத் தரும் முழுத் தானியங்கி இயந்திரங்களையும் பார்த்தேன். அவற்றைக் கழுவித் துடைத்துப் பராமரிப்பதே ஒரு வேலையாகிவிடும் என்று விட்டுவிட்டேன்.

முதல் முயற்சி வேடிக்கையாக முடிந்தது. அமெரிக்காவிலிருந்து விடுமுறைக்கு வந்த உறவுக்காரப் பையன், அங்கே நல்ல தள்ளுபடியில் கிடைத்தது என்று ஓர் இயந்திரத்தைப் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்தான். அது 120 வோல்ட் மின்சாரத்துக்குச் செய்யப்பட்டது. நம் வீடுகளில் வருவதோ 230 வோல்ட். கைப்பேசி மின்னேற்றியைப் போல இரண்டு மின்னழுத்தத்துக்கும் ஒத்துப்போகும் ஏற்பாடு வெந்நீர் காய்ச்சும் கருவிகளில் பெரும்பாலும் இருப்பதில்லை. மின்னழுத்தத்தைக் குறைக்கும் மாற்றி ஒன்று வைத்துக்கொள்ளலாம் என்று யோசனை சொன்னார்கள். ஏறத்தாழ 1,500 வாட் தாங்கும் மாற்றி என்பது ஒரு சின்னப் பெட்டகத்தின் கனம் இருக்கும். வெளிநாட்டில் பிள்ளைகள் இருக்கும் வீடுகள் செட்டிநாட்டில் ஏராளம் என்பதால் இதை முதலில் சொல்கிறேன்: ஐரோப்பா, சிங்கப்பூர், மலேசியா போன்ற இடங்களிலிருந்து வருபவை மின்னழுத்தத்தில் ஒத்துப்போகும், செருகியை மட்டும் மாற்றினால் போதும், அமெரிக்காவிலிருந்து வருபவை ஒத்துப்போகா.

அடுத்து நான் கற்றுக்கொண்டதுதான் இந்தக் கட்டுரையின் சாரம். கடையில் நாம் இயந்திரத்தை வாங்குவதாக நினைக்கிறோம். உண்மையில் அடுத்த ஐந்தாறு ஆண்டுகளுக்கு எந்தக் கேப்சூலை, யாரிடம், என்ன விலைக்கு வாங்கப்போகிறோம் என்பதற்குத்தான் அங்கே கையெழுத்திடுகிறோம். இந்தத் தொழிலின் தொடக்கம் 1976-இல் நெஸ்லே நிறுவனப் பொறியாளர் எரிக் ஃபாவ்ர் எடுத்த காப்புரிமையில் இருக்கிறது. அது 1986-இல் நெஸ்ப்ரெஸ்ஸோ என்ற பெயரில் தனி வணிகமாயிற்று. அந்தப் பழைய வடிவத்துக்கு இன்று ‘ஒரிஜினல்’ என்று பெயர். அதன் முக்கியக் காப்புரிமைகள் 2012 வாக்கில் காலாவதியாகிவிட்டதால், யார் வேண்டுமானாலும் அதில் பொருந்தும் கேப்சூலைச் செய்து விற்கலாம் என்ற நிலை உண்டாயிற்று. இந்தியாவிலேயே காஃபீசா, பான்ஹோமியா போன்ற நிறுவனங்கள் நம் மலைத்தோட்டக் காப்பியை அந்த அளவுக் கேப்சூலில் அடைத்து விற்கின்றன. லவாட்சா உள்ளிட்ட இத்தாலியக் காப்பி வணிகர்களும் அந்த வடிவத்தில் கேப்சூல் செய்கிறார்கள்.

அதே நெஸ்ப்ரெஸ்ஸோ 2014-இல் கொண்டுவந்த ‘வெர்ட்டுவோ’ வகை முற்றிலும் வேறு. கேப்சூலின் விளிம்பில் அச்சிட்ட பட்டைக்குறியீட்டை இயந்திரம் படித்து, எவ்வளவு தண்ணீர், எவ்வளவு நேரம் என்பதைத் தானே முடிவு செய்து, கேப்சூலை நிமிடத்துக்கு 7,000 சுற்று வரை சுழற்றிக் காப்பியைப் பிரிக்கிறது. கோப்பை நிறையக் காப்பி வேண்டுகிறவர்களுக்கு அது ஏற்றதுதான். ஆனால் அந்தக் கேப்சூலை நாம் விரும்பிய இடத்தில் வாங்க முடியாது. விற்கிறவர் வைத்ததே விலை, அனுப்புகிற நாளே வரவு. 2006-இல் வந்த ‘டோல்சே கஸ்டோ’ வகையும், லவாட்சாவின் ‘ஆ மோதோ மியோ’ வகையும் தத்தமக்கென்று தனி வடிவக் கேப்சூல் கொண்டவை. டோல்சே கஸ்டோவில் கப்பூசினோ வேண்டுமென்றால் காப்பிக்கு ஒன்று, பால்பொடிக்கு ஒன்று என இரண்டு கேப்சூல் போட வேண்டும். கறந்த பால் வாசலுக்கு வரும் ஊரில் பால்பொடிக் கேப்சூலுக்குக் காசு கொடுப்பது எனக்குச் சம்மதமில்லை.

ஆகவே ஒரிஜினல் வகை என்று தீர்மானித்தேன். அதிலும் ஆகச் சிறியதான ‘எசென்சா மினி’யை எடுத்தேன். இதைவிடப் பெரியவையும் அழகானவையும் அதே வகையில் உண்டு. ஒரே கேப்சூல், ஒரே அழுத்தம், ஒரே சூடு என்னும்போது, கூடுதல் விலை பெரும்பாலும் உடலுக்கும் தண்ணீர்த் தொட்டிக்கும்தான் போகிறது.

‘19 பார்’ என்று பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் போட்டிருப்பதைப் பற்றி ஒரு வார்த்தை. சில இயந்திரங்களில் 15 என்றும், சிலவற்றில் 20 என்றும் போட்டிருப்பதைப் பார்த்து, எண் கூடினால் காப்பி கூடுதல் திடமாக இருக்கும் என்று கடைப்பையன்கூடச் சொல்கிறான். அந்த எண், உள்ளிருக்கும் பம்பு அதிகபட்சமாகத் தரக்கூடிய அழுத்தம். அழுத்தத்தில் இறக்கும் திடமான சிறு காப்பியான எஸ்பிரெஸ்ஸோவுக்கு இத்தாலியர்கள் வகுத்த இலக்கணமோ 7 கிராம் தூள், 9 பார் அழுத்தம், 25 விநாடி, 25 மில்லிலிட்டர் காப்பி என்பதுதான். கேப்சூலில் இருப்பது ஏறக்குறைய 5 முதல் 6 கிராம் தூள். பம்பின் எண்ணைப் பார்ப்பதைவிட இந்தக் கிராம் கணக்கைப் பார்ப்பதே பயன் தரும். பின்னால் பால் காப்பியைப் பற்றிப் பேசும்போது அது விளங்கும்.

இயந்திரம் வேலை செய்யும் விதம் எளிது. கைப்பிடியை மேலே தூக்கிக் கேப்சூலைப் போட்டுக் கைப்பிடியை அழுத்தி மூடும்போது, ஊசிகள் கேப்சூலின் பின்புறத்தைத் துளைக்கின்றன. உள்ளே பாயும் வெந்நீரின் அழுத்தம் ஏற ஏற, முன்புற அலுமினியத் தகடு எதிரேயுள்ள மேடுபள்ளமான தட்டில் மோதிக் கிழிந்து, காப்பி இறங்குகிறது. மேலே படியும் செம்பழுப்பு நுரை, வறுத்த கொட்டையில் தங்கியிருக்கும் கரியமில வாயுவும் எண்ணெய்ப்பசையும் அழுத்தத்தில் கலந்து உண்டாவது. நம் ஊரில் ஆற்றி வரவழைக்கும் நுரை வேறு, இது வேறு. தண்ணீர் காய 25 விநாடி ஆகிறது. பொத்தான்கள் இரண்டே: சிறியதில் 40 மில்லிலிட்டர், பெரியதில் 110 மில்லிலிட்டர். ஒன்பது நிமிடம் யாரும் தொடாவிட்டால் தானாகவே அணைந்துவிடும். மறதி உள்ள முதியவர்கள் இருக்கும் வீட்டுக்கு இந்த ஒரு வசதிக்காகவே நான் கூடுதலாகப் பணம் கொடுத்திருப்பேன்.

கைப்பிடியைப் பற்றிக் கடையில் யாரும் சொல்லவில்லை. கேப்சூல் துளைபடும் இடத்தில் சற்று அழுத்தம் கொடுத்தால்தான் அது மூடும். சமையல் மேடையின் மேல் வைத்திருந்தபோது, ஆத்தாவின் தோள் உயரத்துக்கு அது வந்துவிட்டதால் கையில் வலு ஏறவில்லை. இரண்டு நாள் பாதி மூடிய நிலையில் பொத்தானை அழுத்தி, வெறும் வெந்நீரைப் பிடித்துக் குடித்தார்கள். பிறகு அதை இறக்கி, அடுப்படி வாசலை ஒட்டியிருக்கும் தாழ்வான தேக்குப் பெட்டியின் மேல் வைத்தேன். இடுப்புக்குக் கீழே இருக்கும்போது உடம்பின் பாரமே கைப்பிடியை மூடிவிடுகிறது. இயந்திரம் 8.4 சென்டிமீட்டர் அகலமும் 2.3 கிலோ எடையும்தான் இருப்பதால் இது முடிந்தது. முதியவர்களுக்கு வாங்குகிறவர்கள், முடிந்தால் கடையில் அவர்களையே ஒரு தடவை மூடிப் பார்க்கச் சொல்லுங்கள்.

வரக்காப்பியில் இந்த இயந்திரத்துக்கு நான் முழு மதிப்பெண் தருவேன். டம்ளரின் அடியில் உடன்குடிக் கருப்பட்டியைத் துருவிப் போட்டு, பெரிய பொத்தானை அழுத்தினால், இறங்கும் காப்பியின் சூட்டிலேயே கருப்பட்டி கரைந்துவிடுகிறது. 110 மில்லிலிட்டர் முழுவதும் இறங்கவிட்டால் கடைசியில் வருவது நீர்த்துப்போய்க் கசப்பை மட்டும் கொண்டுவருகிறது. அதனால் அளவை 80-க்குக் குறைத்து வைத்தேன். பொத்தானை அழுத்திப் பிடித்திருந்து, வேண்டிய அளவு வந்ததும் கையை எடுத்தால் இயந்திரம் அந்த அளவை நினைவில் வைத்துக்கொள்ளும். கருப்பட்டியின் புகைமணத்துக்கும் கறுக்க வறுத்த கொட்டைக்கும் இயல்பான ஒட்டுறவு உண்டு. பெட்டியில் 10-க்கு மேல் எண் போட்ட கேப்சூல்கள் இதற்குப் பொருந்தின. 4, 5 என்று போட்டவை கருப்பட்டியின் முன் காணாமல் போயின. இந்த எண் வறுவலின் கருமையையும் கசப்பையும் திடத்தையும் குறிக்கிறதே தவிர, கஃபீனின் அளவை அல்ல. இரவுத் தூக்கம் கெடும் என்று பயந்து குறைந்த எண்ணை வாங்குகிறவர்கள், கஃபீன் நீக்கியது என்று தனியே குறித்ததைத்தான் தேட வேண்டும்.

பால் காப்பியில் கதை வேறு. என் வீட்டில் மட்டுமன்றி, இந்தப் பக்கத்தில் எந்த வீட்டிலும் இந்த இயந்திரம் தடுக்கி விழப்போகும் இடம் இதுதான். பித்தளை டம்ளர் ஒன்றுக்கு நாம் செலவிடும் தூள் 8 முதல் 10 கிராம் இருக்கும்; அதில் சிக்கரியும் உண்டு. இந்திய உணவுத் தர விதிகளின்படி, காப்பி சிக்கரிக் கலவையில் 49 சதவீதம் வரை சிக்கரி இருக்கலாம். கேப்சூலில் 5.5 கிராம் காப்பி மட்டும், சிக்கரி இல்லை. இதை முழு டம்ளர் பாலில் ஊற்றினால், நிறம் மாறிய பால் கிடைக்கிறது. சிக்கரி தரும் கொழுகொழுப்பும், நாக்கில் தங்கும் லேசான இனிப்புக் கசப்பும் அதில் வருவதே இல்லை. “வரக்காப்பி நல்லாத்தான் இருக்கு, இதக் கொண்டாந்து பால் காப்பின்னு குடுக்காதப்பா” என்று ஆத்தா முதல் வாரமே சொல்லிவிட்டார்கள்.

அதைச் சரிசெய்ய நான் பட்ட பாட்டில் ஓரளவு பலன் இருந்தது. காப்பியை 25 மில்லிலிட்டரோடு நிறுத்திக்கொண்டு, பாலை 80 மில்லிலிட்டருக்கு மேல் போகவிடாமல், டம்ளரை முன்னதாகவே வெந்நீரில் கழுவி எடுத்தால், ஏறத்தாழ நம் காப்பியின் அண்டை வீட்டுக்காரர் என்று சொல்லத்தக்க ஒன்று கிடைக்கிறது. கொட்டை வகையில் ரொபஸ்டா கலந்ததையே எடுக்க வேண்டும். பாலைத் தாங்குவதும் நுரை கட்டுவதும் அதுதான். தனி அராபிக்கா, பூமணம், பழச்சுவை என்றெல்லாம் எழுதிய கேப்சூல்கள் பாலில் புளித்தண்ணீர் போலாகிவிடுகின்றன. பால் விஷயத்தில், இயந்திரத்தோடு சேர்த்து விற்கும் பால் நுரைக்கும் கருவியை நான் வாங்கினேன், வாங்கியிருக்க வேண்டியதில்லை. அது பாலை 60, 65 டிகிரி அளவுக்குத்தான் சூடாக்குகிறது. கப்பூசினோவுக்கு அது முறையான சூடு. பொங்கிய பாலை ஊற்றி ஆற்றிக் குடித்துப் பழகிய நமக்கு அது ஆறிப்போன காப்பி. கறந்த பால் கிடைக்காத நாளில் கொழுப்பு 4.5 சதவீதம் உள்ள ஆவின் பச்சைப் பாக்கெட்டை அடுப்பில் பொங்கவைத்து ஊற்றுவது, அந்தக் கருவியைவிட நல்ல பலன் தந்தது.

கேப்சூலுக்குள் நம் தூளையே போட்டால் என்ன என்று எல்லோருக்கும் தோன்றும்; எனக்கும் தோன்றியது. திரும்பத் திரும்ப நிரப்பக்கூடிய எவர்சில்வர் கேப்சூல்கள் இணையக் கடைகளில் கிடைக்கின்றன. காரைக்குடியில் வழக்கமாக அரைத்து வாங்கும் சிக்கரி கலந்த ஃபில்ட்டர் தூளை அதில் நிரப்பியதும், சொட்டுச் சொட்டாக வந்து நின்றுவிட்டது. சிக்கரி எளிதில் கரைந்து பிசுபிசுத்து அடைத்துக்கொள்கிறது. சிக்கரி இல்லாத தூளைப் போட்டபோது, அதன் நறநறப்பு ஃபில்ட்டருக்கு ஏற்றதாக இருந்ததால், தண்ணீர் தடையின்றி ஓடிவந்தது. அரைக்கும் கடையில் சொல்லி இன்னும் நைசாக அரைத்து வாங்கி, அளந்து போட்டுச் சமமாக அழுத்தி மூடினால் நல்ல காப்பி வருகிறது. ஆனால் ஒவ்வொரு தடவையும் நிரப்பி, கழுவி, துடைத்து வைப்பதென்றால், எந்தச் சிரமத்தைத் தவிர்க்க இதை வாங்கினோமோ அது பின்வாசல் வழியாகத் திரும்ப வந்துவிடுகிறது. நடுங்கும் கையால் செய்யக்கூடிய வேலையும் அல்ல.

செலவுக் கணக்கை வங்கிக்காரன் என்ற முறையில் கொஞ்சம் கறாராகவே பார்த்தேன். நான் வாங்கும் கேப்சூல் ஒன்று சராசரியாக 50 ரூபாய் விழுகிறது. ஒரு கிலோ காப்பித்தூளுக்கு 180 கேப்சூல் என்று வைத்தால், கிலோ 9,000 ரூபாய்க்குக் காப்பி குடிக்கிறோம். அதே வாரத்தில் நான் அரைத்து வாங்கிய ஃபில்ட்டர் தூள் கிலோ 900 ரூபாய். பத்து மடங்கு! நாளொன்றுக்கு இரண்டு கேப்சூல் என்றால் மாதம் 3,000 ரூபாய், இரண்டு ஆண்டுக்கு 72,000. இயந்திரத்தின் விலையில் ஆயிரம் ரூபாய் கூடக் குறைய இருப்பதைப் பற்றிப் பத்துக் கடை ஏறி இறங்கியதை நினைத்தால் இப்போது சிரிப்பு வருகிறது. இந்தக் கணக்கைப் போட்டதும் எங்கள் வீட்டில் ஒரு வரம்பு வைத்துக்கொண்டோம். விடியற்காலை வரக்காப்பி ஆத்தாவுக்கு ஒன்று, பிற்பகல் எனக்கு ஒன்று. 7 மணிப் பால் காப்பியும் பலகாரத்தோடு குடிக்கும் 4 மணிக் காப்பியும் சின்ன எவர்சில்வர் ஃபில்ட்டரிலிருந்துதான்.

கேப்சூல் வாங்கும்போது கவனிக்க வேண்டியவை உண்டு. நெஸ்ப்ரெஸ்ஸோவின் முதல் இந்தியக் கடை 2025-இல் டெல்லியில் திறந்தது. நமக்கு இணையம்தான் வழி. ஒரு தடவை ஓர் இணைய விற்பனையாளர், பாதி விலை என்று ஆசை காட்டி, காலாவதிக்கு மூன்று வாரமே இருந்த ஐந்து பெட்டிகளை என் தலையில் கட்டினார். அதற்குப் பிறகு, தேதியைக் கேட்டு எழுத்தில் பதில் வாங்காமல் பணம் கட்டுவதில்லை. அலுமினியக் கேப்சூல் காற்றையும் ஈரத்தையும் உள்ளே விடாது. பிளாஸ்டிக்கில் வருபவை, ஒவ்வொன்றும் தனித்தனி உறையில் இல்லாவிட்டால், நம் சித்திரை வெயிலில் சீக்கிரமே மணம் இழக்கின்றன. சில பிளாஸ்டிக் கேப்சூல்கள் துளைபடும்போது வளைந்துகொடுத்து, ஓரத்தில் தண்ணீர் கசியவும் செய்கின்றன. எந்தப் புதுக் கேப்சூலாக இருந்தாலும் முதலில் 10 மட்டும் வாங்கிப் பாருங்கள்.

தண்ணீருக்கு வருவோம். காரைக்குடிக்காரர்கள் சம்பை ஊற்றுத் தண்ணீரைப் பற்றிப் பெருமை பேசினால் நான் மறுப்பதில்லை. அதில் போட்ட காப்பியின் சுவையே தனி. எங்கள் வீட்டு ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் அப்படிப்பட்டதன்று. குளியலறை வெந்நீர்க் கம்பியில் அது விட்டுச்செல்லும் வெள்ளைப் படிவத்தைப் பார்த்தாலே தெரியும். இந்த இயந்திரத்தில் தண்ணீர், உலோகக் கட்டி ஒன்றின் உள்ளே ஓடும் மெல்லிய குழாய் வழியே போகும்போது சூடாகிறது. அந்த வழியில் சுண்ணாம்பு படிந்தால் முதலில் காப்பி ஆறி வரும், பிறகு மெல்ல வரும், பிறகு வரவே வராது. முதல் நாளிலிருந்தே சுத்திகரித்த கேன் தண்ணீரை மட்டும் ஊற்றுவதோடு, மூன்று மாதத்துக்கு ஒரு முறை படிவம் நீக்கும் திரவத்தையும் ஓடவிடுகிறேன். வினிகர் ஊற்றினால் போதும் என்று சொல்லும் நண்பர்களுக்குக் காது கொடுக்க வேண்டாம்; ரப்பர் வளையங்களுக்கு அது ஆகாது, வாசமும் போகாது.

மின்சாரத்தைப் பற்றி எங்கள் ஊர்ப் பழைய வீடுகளில் யோசிக்காமல் இருக்க முடியாது. ஏறத்தாழ 1,260 வாட் இழுக்கும் கருவி, 230 வோல்ட்டில் ஐந்தரை ஆம்பியர் எடுக்கிறது. பழைய 5 ஆம்பியர் செருகியில் மாட்டினால், முதல் நாள் ஒன்றும் ஆகாது. சில மாதத்தில் செருகி இளகிக் கறுக்கும். அடுப்படிக்கு 16 ஆம்பியர் இணைப்பு ஒன்றைத் தனிக் கம்பியில் இழுத்த பிறகே நான் இயந்திரத்தை மாட்டினேன். முட்டை வெள்ளைக்கரு சேர்த்துப் பூசிய சுண்ணாம்புச் சுவரைக் குடைய மனமில்லாமல், மேலாகவே குழாய் ஓட்டினோம். சாதாரணமாக வீடுகளில் இருக்கும் 900 விஏ இன்வெர்ட்டர் இதைத் தாங்காது. துணை மின்நிலையப் பராமரிப்பு என்று பகலில் மின்சாரம் நிற்கும் நாளில், பிற்பகல் கேப்சூல் எனக்கு இல்லை.

விருந்தாளிகள் வந்தால் இந்த இயந்திரம் படும் அவதியைப் பார்க்கப் பாவமாக இருக்கும். தண்ணீர்த் தொட்டி 0.6 லிட்டர், பயன்படுத்திய கேப்சூல்கள் விழும் பெட்டி ஆறேழு கேப்சூலில் நிறைந்துவிடும். சென்ற படைப்புக்கு 30 பேர் கூடியபோது, சென்னையிலிருந்து வந்த பிள்ளைகள் ஆசைக்கு ஆளுக்கொன்று போட்டுக் குடித்தார்கள். அரைமணி நேரத்தில் தொட்டியை மூன்று தடவை நிரப்பினேன். பிறகு பரணிலிருந்து பித்தளை ஃபில்ட்டரை இறக்கி, புளி போட்டுத் தேய்த்து, டிகாக்ஷன் இறக்கினோம். கந்தரப்பத்துக்கும் வெள்ளைப் பணியாரத்துக்கும் துணையாக எல்லோரும் கேட்டது அதைத்தான்.

கேப்சூல் பெட்டியில் மிஞ்சும் சக்கையை வெயில் காலத்தில் இரண்டு நாளுக்கு மேல் விடக் கூடாது. பூஞ்சை பிடிக்கும், எறும்பு வரும். வெளியூர் போவதாக இருந்தால் தொட்டியைக் காலி செய்து கவிழ்த்து வைக்க வேண்டும். வெற்றுக் கேப்சூல் ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு கிராம் அலுமினியம். தகட்டைக் கிழித்துச் சக்கையைச் செம்பருத்திக்குப் போட்டுவிட்டு, கழுவிக் காயவைத்து ஒரு சாக்கில் சேர்க்கிறேன். ஓராண்டுச் சேமிப்பைத் தூக்கிக்கொண்டு பழைய இரும்புக் கடைக்குப் போனபோது, கடைக்காரர் சாக்கையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். முக்கால் கிலோகூட இல்லை.

பழுது என்று வந்தால் இந்தப் பக்கத்தில் பார்ப்பவர் கிடையாது என்பதைத் தெரிந்தே வாங்க வேண்டும். தேவகோட்டையில் இருக்கும் என் தங்கை, வேறொரு நிறுவனத்தின் இயந்திரம் வைத்திருந்தார், பெயர் வேண்டாம். ஏழாம் மாதம் அடியில் கசியத் தொடங்கியது. தொலைபேசியில் நான்கு நாள் அலைக்கழிந்த பிறகு, சென்னைக்குக் கொண்டுவரச் சொன்னார்கள். காரைக்குடியிலிருந்து விடியற்காலை புறப்படும் பல்லவன் ரயிலில் மடியில் வைத்துக்கொண்டு போய்க் கொடுத்தார் அவருடைய மருமகன். திரும்பக் கிடைக்க மூன்று வாரம் ஆயிற்று. அட்டைப்பெட்டியையும் உள்ளே வந்த அச்சுத் தாங்கியையும் உத்தரவாதக் காலம் முடியும்வரை தூக்கிப் போடாதீர்கள்.

ஆக, நாள் முழுவதும் பால் காப்பி ஓடும், நான்கு பேருக்கு மேல் இருக்கும் வீட்டுக்கு இந்த இயந்திரத்தை நான் சிபாரிசு செய்ய மாட்டேன். செலவும் தாங்காது, சுவையும் ஒப்பாது. வரக்காப்பி குடிக்கிறவர்களுக்கும், வேளை கெட்ட வேளையில் தனியே ஒரு டம்ளர் வேண்டியிருக்கும் முதியவர்களுக்கும், திறந்த வடிவக் கேப்சூல் ஏற்கும் ஆகச் சிறிய இயந்திரம் போதும்.

தங்கை அடுத்தாற்போல் இதே இயந்திரத்தை வாங்கப்போவதாகச் சொல்கிறார். இயந்திரம் இருக்கட்டும், முதலில் உன் அடுப்படிச் செருகியைக் கழற்றிப் பார் என்றேன். கழற்றிப் பார்த்ததில் ஒரு கால் கறுத்திருக்கிறதாம். மின்வேலைக்காரர் வியாழக்கிழமை வருகிறார்.